டர்பன் குப்பைக்கு எந்தக் கணக்கு? வார்ம், டபிள்யூரோஸ், ஏஎச்பி: மூன்று கருவிகள் பற்றிய மதிப்புரை

டர்பனில் வாசலில் நிற்கும் பைகளின் நிறத்தைப் பார்த்தாலே திட்டம் புரிந்துவிடும். கறுப்புப் பை பொதுக் குப்பைக்கு. ஆரஞ்சுப் பை தாள், அட்டை, பிளாஸ்டிக்குக்கு. நீலப் பை தோட்டக் கழிவுக்கு. கண்ணாடிக்கும் தகர டப்பாவுக்கும் நிறமில்லாப் பை. இதை இப்படியே தொடரலாமா, சாப்பாட்டுக் கழிவுக்குத் தனிப் பை கொடுக்கலாமா, எல்லாவற்றையும் ஒரே பையில் அள்ளிக்கொண்டுபோய் ஒரு பிரிப்புக் கூடத்தில் வகை பிரிக்கலாமா என்ற கேள்விக்கு ஆளாளுக்கு ஒரு பதில் சொல்லலாம். ஆனால் முடிவு எடுக்கிற மேசையில் கடைசியில் வந்து நிற்பது ஒரு கணக்குத் தாள்தான்.

தென்னாப்பிரிக்காவின் 2008-ஆம் ஆண்டுத் தேசியக் கழிவுச் சட்டப்படி மாநகராட்சிகள் ஒருங்கிணைந்த கழிவுத் திட்டம் எழுத வேண்டும். அதற்குப் பொதுமக்களின் கருத்தையும் கேட்க வேண்டும். அதனால் டர்பனில் இந்தியர் அதிகம் வாழும் சாட்ஸ்வர்த், பீனிக்ஸ், மெர்பேங்க் குடியிருப்போர் சங்கங்களுக்கும் கோயில் கமிட்டிகளுக்கும் அந்தத் தாளைக் கேட்டு வாங்கிப் படிக்க உரிமை உண்டு. அதன் பின்னால் இருக்கக்கூடிய மூன்று கருவிகளை இங்கே எடைபோடுகிறோம்: வார்ம் (WARM) அமெரிக்க அரசின் பசுங்குடில் வாயுக் கணக்கு, டபிள்யூரோஸ் (WROSE) உள்ளூர்ப் பல்கலைக்கழகத்தின் ஆய்வுக் கருவி, ஏஎச்பி (AHP) எது எவ்வளவு முக்கியம் என்று ஒப்பிடும் முறை. தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம்: டர்பனுக்கு டபிள்யூரோஸ்தான் பொருத்தம், வார்ம் ஒத்துப்பார்க்க உதவும், ஏஎச்பி கூட்டத்தில் பேச்சை ஒழுங்குபடுத்தும். மூன்றையும் கெடுப்பது ஒரே குறை. பையைத் திறந்து எடைபோடாமல் எண்ணை நிரப்புவது.

அந்த எடையிலிருந்தே தொடங்க வேண்டும். குப்பையில் எது எத்தனை சதவீதம் என்ற எண் இல்லாமல் எந்தக் கருவியும் நகராது. பல திட்டங்கள் வேறொரு நகரத்தின் சதவீதத்தைக் கடன்வாங்கிப் போட்டுவிடும். சரியான முறை கடினமானதல்ல, அழுக்கானது, அவ்வளவுதான். ஒரு தடத்தின் லாரிச் சுமையைத் தார்ப்பாயில் கொட்டி, மண்வெட்டியால் கலந்து, வட்டமாகப் பரப்பி, நான்காகப் பிரித்து, எதிரெதிர்க் கால்பகுதிகளை மட்டும் வைத்துக்கொண்டு மீண்டும் கலக்க வேண்டும். அமெரிக்கத் தரநிர்ணய அமைப்பான ஏஎஸ்டிஎம்மின் டி5231 என்ற தரமுறை ஒரு மாதிரிக்கு 91 முதல் 136 கிலோ வரை போதும் என்கிறது. அதற்குக் குறைந்தால் ஒரு கட்டு டயப்பரோ ஒரு அழுகிய பூசணியோ சதவீதத்தையே புரட்டிவிடும். கூடினால் துல்லியம் பெரிதாக ஏறாது, பிரிப்பவர்களின் முதுகுதான் ஒடியும். ஒவ்வொரு வகைக்கும் ஒரு கூடை; கூடையின் வெற்று எடையை முதலிலேயே குறித்துவைக்க வேண்டும். வாரத்தின் எல்லா எடுப்பு நாட்களிலும் மாதிரி எடுக்க வேண்டும்.

ஒரே பருவத்தில் எடுத்த மாதிரி ஆண்டுக்கு ஆகாது. டர்பனில் அக்டோபரிலிருந்து மார்ச் வரை மழை. ஜூன், ஜூலை வறண்ட மாதங்கள். சாட்ஸ்வர்த் போன்ற இடத்தில் நம் பஞ்சாங்கத்தையும் பார்க்க வேண்டியிருக்கும். புரட்டாசியில் பல வீடுகளில் கறி இல்லை. எலும்பும் கறிக்கடைத் தட்டும் குறைந்து காய்கறித் தோல் ஏறும். ஆடியில் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றும் வாரங்களிலும், தைப்பூசக் காவடிக்கும், தீபாவளிக்கும் வாழையிலை, பூமாலை, தேங்காய் மட்டை, ஒருமுறைக் கோப்பை என்று குப்பையின் உருவமே மாறிவிடும். அந்த வாரங்களை ஒதுக்கிவிடச் சொல்லவில்லை. தனித் தாளில் எழுதி, ஆண்டுக்கு எத்தனை வாரமோ அத்தனை வாரத்துக்கு மட்டும் கணக்கில் சேர்க்க வேண்டும்.

இப்போது ஒரு ஆரஞ்சுப் பையை மேசையில் கொட்டிப் பார்க்கலாம். மேலே காலை உணவுப் பெட்டி, தட்டையாக மடித்தது, நல்ல சரக்கு. அடுத்து 2 லிட்டர் குளிர்பானப் புட்டி. மூடி சரியாக இறுகவில்லை, உள்ளே இரண்டு வாய் பானம் மிச்சம். அது இரவெல்லாம் கசிந்து கீழிருந்த செய்தித்தாளை நனைத்திருக்கிறது. அதற்குக் கீழே பன்னி சௌ (ரொட்டிக்குள் ஊற்றிய கறிக்குழம்பு) சுற்றிவந்த தாள். மசாலா எண்ணெய் மஞ்சளாகப் படர்ந்து, ஒட்டியிருந்த வெள்ளைத் தாளுக்கும் இறங்கிவிட்டது. கழுவாத தயிர்க் கிண்ணம். அடியில் கனமான அட்டை, ஈரத்தில் ஊறிக் கையில் பிய்ந்து வருகிறது. தராசில் இந்த அட்டை 2 கிலோ காட்டினால் அரைக் கிலோ தண்ணீராகவே இருக்கலாம். தென்னாப்பிரிக்கப் பழம்தாள் வணிகத்தில் அட்டைக்குக் கே4 என்று பெயர், வெள்ளை அலுவலகத் தாளுக்கு எச்எல்1, கலப்புத் தாளுக்கு சிஎம்டபிள்யூ. எண்ணெய் பட்ட எச்எல்1 அந்தத் தரத்தில் நிற்காது. ஈரக் கே4-க்கு வாங்குபவர் எடையைக் கழிப்பார், இல்லையென்றால் திருப்பிவிடுவார். ஆகவே மழை வாரத்தில் "ஆரஞ்சுப் பை எடை கூடியது" என்று ஓர் அறிக்கை சொன்னால் அது தண்ணீரின் எடையா என்று கேட்க வேண்டும். மாதிரியில் ஒரு கிலோவை எடுத்து 105 டிகிரியில் ஒரு நாள் உலர்த்தி மறுபடி எடைபோட்டால் பதில் கிடைத்துவிடும்.

இந்தப் பையிலிருந்து சதவீதம் எப்படிக் கரைகிறது என்று பார்க்க ஒரு கணக்கு. எண்கள் நாமே வைத்துக்கொண்டவை. 1,000 வீடு, வீட்டுக்கு வாரம் 20 கிலோ. மொத்தம் 20,000 கிலோ. அதில் மறுசுழற்சிக்கு ஆகக்கூடியது 30 சதவீதம், 6,000 கிலோ. பையை வெளியே வைக்கும் வீடுகள் 40 சதவீதம்: 2,400 கிலோ. அந்த வீடுகளும் தங்களிடம் உள்ளதில் 60 சதவீதத்தைத்தான் சரியான பையில் போடுகின்றன: 1,440 கிலோ. கூடத்தில் ஈரம், எண்ணெய் காரணமாக 20 சதவீதம் தள்ளுபடி: 1,152 கிலோ. இருபதாயிரத்தில் இது 6 சதவீதம்கூட இல்லை. முப்பது என்று தொடங்கியது ஆறுக்கும் கீழே வந்துவிட்டது. திட்ட அறிக்கையில் இந்த நான்கு படிகளும் தனித்தனியாக இல்லாமல் "மறுசுழற்சி வீதம்" என்று ஒரே எண் இருந்தால் அந்த அறிக்கையை நம்பக் கூடாது. எந்தப் படி ஒழுகுகிறது என்று தெரியாமல் எதைச் சரிசெய்வது? வீடுகள் சேரவில்லையென்றால் வேலை பை விநியோகத்தில். தள்ளுபடி அதிகமென்றால் வேலை கழுவுவதிலும் மூடியை இறுக்குவதிலும்.

கருவிகளுக்கு வருவோம். வார்ம், அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமையின் இலவசக் கருவி. எந்தப் பொருள் எத்தனை டன், அதை இன்று என்ன செய்கிறீர்கள், நாளை என்ன செய்யப்போகிறீர்கள் என்று நிரப்பினால் பசுங்குடில் வாயு வித்தியாசத்தைத் தரும். வேகமானது, விளக்க ஆவணங்கள் திறந்து கிடக்கின்றன, எந்த எண் எங்கிருந்து வந்தது என்று தேடிப்பிடிக்கலாம். இந்த நேர்மைக்காகவே அதைப் பாராட்ட வேண்டும். ஆனால் டர்பனுக்கு அப்படியே எடுத்தால் நாலு இடத்தில் இடறும்.

முதலாவது அளவு. அது கேட்பது அமெரிக்கக் குறு டன், அதாவது 907 கிலோ. நம்முடைய 1,000 மெட்ரிக் டன்னை 1,000 என்றே போட்டால் விடை ஒன்பது சதவீதம் குறைந்து வரும். 1,102 என்று போட வேண்டும். இரண்டாவது மழை. குப்பைமேடு எவ்வளவு வேகமாக அழுகும் என்பதை அது ஆண்டு மழையை வைத்து முடிவுசெய்கிறது: 20 அங்குலத்துக்குக் கீழே வறண்டது, 20 முதல் 40 வரை நடுத்தரம், 40-க்கு மேல் ஈரமானது. டர்பனின் சராசரி மழை ஏறக்குறைய 1,000 மில்லிமீட்டர்; 40 அங்குலம் என்பது 1,016. நம் ஊர் சரியாகக் கோட்டின்மேல் நிற்கிறது. நடுத்தரம் என்றால் அழுகும் வேகம் ஆண்டுக்கு 0.04, பாதி அழுக 17 ஆண்டு. ஈரம் என்றால் 0.06, பாதி அழுக பதினொன்றரை ஆண்டு. வேகமாக அழுகினால் வாயுக் குழாய் பதிப்பதற்கு முன்பே நிறைய மீத்தேன் வெளியேறிவிடும். ஆகவே இரண்டையும் ஓட்டிப் பார்த்து இரண்டு விடையையும் எழுத வேண்டும். ஒன்றை மட்டும் காட்டும் அறிக்கை சாதகமானதைக் காட்டுகிறது என்றே வைத்துக்கொள்ளலாம்.

மூன்றாவது மின்சாரம். குப்பைமேட்டு வாயுவில் மின்சாரம் எடுத்தால் எவ்வளவு நன்மை என்பது எந்த மின்சாரத்துக்குப் பதிலாக அது வருகிறது என்பதைப் பொறுத்தது. நாட்டின் மின் நிறுவனமான எஸ்காம் எரிப்பது பெரும்பாலும் நிலக்கரி. ஒரு யூனிட்டுக்கு ஏறத்தாழ ஒரு கிலோ கார்பன்-டை-ஆக்சைடு. அமெரிக்கச் சராசரி அதில் பாதிக்கும் குறைவு. எனவே டர்பனின் மேரியன்ஹில் குப்பைமேடு போன்ற இடத்தின் வாயு இயந்திரத்துக்கு வார்ம் குறைவாகவே மதிப்பெண் போடும். நான்காவது, புதைத்த தாள். செய்தித்தாளில் உள்ள லிக்னின் என்ற மரப்பொருள் மண்ணுக்கடியில் எளிதில் அழுகாது. அந்தக் கார்பன் "சேமிக்கப்பட்டது" என்று வார்ம் வரவு வைக்கும். அதனால் செய்தித்தாளைப் புதைப்பதே நன்மை என்பதுபோல் கழித்தல் குறியோடு எண் வரும். அறிவியல்படி பிழையில்லை. ஆனால் இதைத் தெரியாமல் பார்க்கும் கவுன்சிலர் ஆரஞ்சுப் பையே வேண்டாம் என்று சொல்லிவிடக்கூடும். கார்பன் சேமிப்போடு ஒருமுறை, இல்லாமல் ஒருமுறை என்று இரண்டு வரிசை கேளுங்கள்.

டபிள்யூரோஸ் நம் ஊர்ப் பிள்ளை. குவாசூலு-நட்டால் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் கிறிஸ்டினா ட்ரோய்ஸ் குழுவினர் உருவாக்கியது. டர்பனை உள்ளடக்கிய எதெக்வினி, பீட்டர்மாரிட்ஸ்பர்க்கை உள்ளடக்கிய உம்சுந்தூசி ஆகிய மாநகராட்சிகளின் குப்பையை வைத்து முதலில் சோதித்தார்கள். கடையில் வாங்கும் மென்பொருள் அல்ல, ஆய்வுக் கருவி. குப்பையின் அளவும் வகையும் கொடுத்தால், வெறுமனே புதைப்பது, புதைத்து வாயு எடுப்பது, கூடத்தில் பிரித்து மறுசுழற்சி செய்வது, அதோடு ஈரக் கழிவைக் காற்றில்லாக் கலனில் செரிக்கவைப்பது, அல்லது உரமாக்குவது என்ற காட்சிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டும். வாயு மட்டுமல்ல, குப்பைமேட்டில் மிச்சமாகும் இடத்தையும் செலவையும் சேர்த்துச் சொல்லும். மாநகராட்சிக்கு உண்மையில் கடிப்பது அந்த இடக் கணக்குதான்.

அதே பல்கலைக்கழகத்திலிருந்து எலெனா ஃப்ரீட்ரிக்கும் ட்ரோய்ஸும் 2013-இல் தென்னாப்பிரிக்காவுக்கென்றே கணக்கிட்ட எண்கள் வெளிவந்தன. ஒரு டன் கண்ணாடியை மறுசுழற்சி செய்தால் மிச்சமாகும் பசுங்குடில் வாயு ஏறத்தாழ 290 கிலோ. ஒரு டன் அலுமினியத்துக்கு 19,000 கிலோவுக்கு மேல். அறுபது மடங்குக்கும் கூடுதல். எஸ்காம் நிலக்கரியில் உருக்கும் அலுமினியம் என்பதால் இந்த இடைவெளி இவ்வளவு பெரியது. வெளிநாட்டு எண்ணைக் கடன்வாங்கினால் இது கிடைக்காது. டபிள்யூரோஸை முதலில் வைப்பதற்கு இந்த உள்ளூர் எண்களே காரணம்.

குறை இல்லாமல் இல்லை. முதல் குறை இடக் கணக்கில் வரக்கூடியது. எடையைக் கன அளவாக மாற்ற ஒரே அடர்த்தியை எல்லாப் பொருளுக்கும் போட்டால் பிளாஸ்டிக்குக்கு அநியாயம். ஒரு டன் புட்டி பிளாஸ்டிக் மேட்டில் அடைக்கும் இடம் ஒரு டன் கண்ணாடி அடைப்பதைவிடப் பல மடங்கு. பொருள்வாரி அடர்த்தி போட்டிருக்கிறார்களா, நாள்தோறும் மேலே பரப்பும் மண்ணைச் சேர்த்தார்களா என்று பாருங்கள். இரண்டாவது தூரம். பிஸாஸர் சாலை மேடு நகரின் நடுவிலேயே இருந்தது. இப்போது ஸ்பிரிங்ஃபீல்டில் எலெக்ட்ரான் சாலை மாற்று நிலையத்தில் குப்பையை ஏற்றி, வடக்கே வெருலத்தைத் தாண்டி பஃபல்ஸ்ட்ராய் மேட்டுக்குக் கொண்டுபோகிறார்கள். தெற்கே லோவு இருக்கிறது. பழைய தூரத்தை வைத்துப் போட்ட செலவுக் கணக்கு இன்று செல்லாது. மூன்றாவது விலை. உற்பத்தியாளர் பொறுப்பு விதிகள் 2021 மே மாதம் நடைமுறைக்கு வந்தபிறகு பொட்டலம் தயாரிப்பவர்களின் பணமும் இந்தச் சங்கிலிக்குள் வருகிறது. அதற்கு முந்தைய வருவாய் எண்களை மாற்றாமல் ஓட்டினால் மறுசுழற்சி உள்ளதைவிட நட்டமாகத் தெரியும்.

ஏஎச்பி வேறு வகை. தாமஸ் சாட்டி 1970-களில் வகுத்த இணை ஒப்பீட்டு முறை. ஒரு விரிதாள் போதும். அது வாயுவையோ ரேண்ட் பணத்தையோ கணக்கிடாது. எது எவ்வளவு முக்கியம் என்பதை எண்ணாக்கும். இரண்டு இரண்டாக எடுத்து 1 முதல் 9 வரை மதிப்பிட வேண்டும். மேட்டு இடம் செலவைவிட 3 மடங்கு முக்கியம், வேலைவாய்ப்பைவிட 5 மடங்கு. செலவு வேலைவாய்ப்பைவிட 2 மடங்கு என்று ஒருவர் சொன்னால், வரிசைக்கு வரிசை பெருக்கிக் கனமூலம் எடுத்து மொத்தத்தால் வகுத்தால் இடத்துக்கு 0.65, செலவுக்கு 0.23, வேலைக்கு 0.12. பதில்கள் ஒன்றோடொன்று எவ்வளவு மோதுகின்றன என்று காட்டும் முரண் விகிதம் 0.003; அது 0.1-க்குக் கீழே இருக்கும்வரை ஏற்கலாம். அதே ஆள் கடைசி ஒப்பீட்டில் மட்டும் "வேலை செலவைவிட 3 மடங்கு" என்று மாற்றினால் விகிதம் 0.25-க்குத் தாவும். முதல் இரண்டு பதிலின்படி செலவு வேலையைவிடக் கொஞ்சமாவது மேலே இருக்க வேண்டும். மூன்றாவது பதில் அதைக் கவிழ்க்கிறது. கூட்டத்தில் சூடாகப் பேசுபவரின் பேச்சில் எங்கே முடிச்சு விழுந்திருக்கிறது என்று கையால் தொட்டுக் காட்டும் இந்தச் சோதனைதான் ஏஎச்பியின் பெரிய பலம்.

அடிக்கடி நடக்கும் தவறு, பலருடைய பதில்களைக் கூட்டிச் சராசரி எடுப்பது. ஒருவர் 3 என்கிறார், இன்னொருவர் நேர் எதிராக மூன்றில் ஒன்று என்கிறார். இருவரும் சமம், விடை 1 வர வேண்டும். கூட்டி இரண்டால் வகுத்தால் 1.67, முதலாமவர் ஜெயித்துவிட்டார். பெருக்கி வர்க்கமூலம் எடுத்தால்தான் 1. கமிட்டிச் செயலாளர் இதை ஒருமுறை சரிபார்த்துவிட்டால் பாதிச் சண்டை தீரும். இன்னொன்று: யாருக்கும் வேண்டாத நான்காவது திட்டம் ஒன்றை நுழைத்தாலே முதல் இரண்டின் வரிசை மாறிவிடக்கூடும். அந்தத் திட்டத்தை எடுத்துவிட்டும் ஓட்டிக் காட்டச் சொல்லுங்கள்.

ஆனால் தாளில் எழுதாத அளவுகோலுக்கு ஏஎச்பியாலும் எடை போட முடியாது. பிஸாஸர் சாலையை நினைத்துப் பார்க்க வேண்டும். 1980-இல், நிறப் பாகுபாட்டு ஆட்சியில், இந்தியர் வாழ்ந்த கிளேர் எஸ்டேட்டின் நடுவே அந்த மேட்டைத் திறந்தார்கள். மூடச் சொல்லி மக்கள் பல ஆண்டு போராடினார்கள். முன்னின்ற சஜிதா கான் 2007-இல் புற்றுநோயில் இறந்தார். அதே மேட்டில் பிறகு மீத்தேனை எடுத்து மின்சாரம் ஆக்கினார்கள். வார்மிலோ டபிள்யூரோஸிலோ வாயுக் கணக்கை மட்டும் ஓட்டினால் அந்தத் திட்டம் நல்ல மதிப்பெண் வாங்கும், ஏனென்றால் வேலிக்கு அப்பால் யார் வீடு இருக்கிறது என்ற கேள்வி வாயுக் கணக்கில் இல்லை. நாற்றம், தூசி, லாரி ஓட்டம், 500 மீட்டருக்குள் இருக்கும் வீடுகள் என்று நான்கு வரியையாவது அளவுகோல் பட்டியலில் எழுதிய பிறகே ஒப்பீட்டைத் தொடங்க வேண்டும். எடை போடும் மேசையில் அந்தத் தெருக்காரர்களும் உட்கார வேண்டும். இது நடக்காத ஏஎச்பிக்கு நாங்கள் பூஜ்யம்தான் போடுவோம், முரண் விகிதம் எவ்வளவு அழகாக இருந்தாலும்.

மூன்று கருவிகளிலும் காணாமல் போகக்கூடிய இன்னொருவர், லாரிக்கு முன்பே விடியலில் வந்து பையைப் பிரிக்கிற குப்பை பொறுக்குபவர். தென்னாப்பிரிக்காவில் இவர்கள் 60,000 முதல் 90,000 பேர் என்பது அந்நாட்டு அறிவியல் ஆய்வு மன்றமான சிஎஸ்ஐஆரின் மதிப்பீடு. மறுசுழற்சிக்குப் போகும் பொட்டலப் பொருட்களில் 80 முதல் 90 சதவீதம் இவர்கள் கையால் வந்தது. விலை அதிகம் என்பதால் அலுமினிய டப்பாவை முதலில் எடுப்பது இவர்கள்தான். புதிய பைத் திட்டம் வந்தால் அந்த டப்பாவின் 19,000 கிலோ வரவைக் கருவி மாநகராட்சிக்கு எழுதிவிடும். உண்மையில் அது ஏற்கெனவே மறுசுழற்சியாகிக்கொண்டிருந்தது. நன்மை இரட்டிப்பாகத் தெரியும், கூடத்துக்கோ எதிர்பார்த்த டப்பா வராது, வருவாய்க் கணக்கு விழும், தெருவில் ஒருவர் பிழைப்பும் போகும். திருத்தும் வழி எளிது. அடிப்படைக் காட்சியில் "இன்று பொறுக்குபவர்கள் எடுப்பது" என்று ஒரு தனி வரி சேர்த்து, அருகிலுள்ள பழம்பொருள் வாங்கும் கடைகளின் வாரக் கொள்முதல் எடையை அதில் போட வேண்டும். இவர்களைத் திட்டத்துக்குள் சேர்ப்பதற்கான தேசிய வழிகாட்டி 2020-இல் வந்துவிட்டது. கணக்குத் தாளில் இடம் கொடுப்பது அதன் முதல் படி.

ஆக, யார் எதை எடுப்பது? மாநகராட்சி அலுவலருக்கும் ஆலோசகருக்கும் டபிள்யூரோஸ், உள்ளூர் அடர்த்தியும் புதிய தூரமும் போட்டு. அவர்கள் தரும் வாயு எண்ணை ஒரு மாலையில் சரிபார்க்க விரும்பும் சங்கத்துக்கு வார்ம், மேலே சொன்ன நான்கு இடறலையும் மனத்தில் வைத்து. வார்டு கூட்டத்துக்கு ஏஎச்பி, அளவுகோல் ஐந்தாறுக்கு மேல் போகாமல். ஆறு என்றாலே 15 ஒப்பீடு, அதற்குமேல் ஆட்கள் களைத்துக் கைக்கு வந்த எண்ணை எழுதத் தொடங்கிவிடுவார்கள். வரைவுத் திட்டம் கருத்துக்கு வரும்போது எழுத்தில் கேட்க வேண்டியவை: மாதிரி எடுத்த மாதமும் எடையும், சேரும் வீடுகளின் சதவீதம், சரியான பையில் விழும் சதவீதம், கூடத்தில் தள்ளுபடியாகும் சதவீதம், பொறுக்குபவர்கள் எடுக்கும் கிலோ. ஐந்தில் ஒன்று இல்லையென்றாலும் ஒரு சனிக்கிழமை தார்ப்பாய், கையுறை, தொங்கு தராசு, பன்னிரண்டு கூடைகளோடு ஒரு தெருவின் பைகளை நீங்களே எடைபோட்டு, அந்தத் தாளைக் கருத்துக் கடிதத்தோடு இணைத்து அனுப்புங்கள்.